இளநீர் மேல் பழி

சோதனைக்கு ரத்தம் கொடுக்கப் போகுமுன் உடம்பைக் குளிர வைக்க வேண்டும் என்பது எங்கள் வீட்டுச் சட்டம். சூட்டோடு போனால் சோதனை தப்பாக வரும் என்று என் மனைவி நம்பினாள், நானும்தான். பக்கத்து ஊரான அசாம் ஜாவாவின் சாலையோரத்தில் இளநீர் வாங்கி வந்து வேளைக்கு ஒன்றாகச் சீவிக் கொடுத்தாள். குடித்தேன். வயிறு குளிர்ந்தது. போய் ரத்தம் கொடுத்தேன்.

மறுநாள் மதியம் கிளினிக்கிலிருந்து போன். "அங்கிள், பொட்டாசியம் ரொம்ப ஏறியிருக்கு. இதயத்துக்கு ஆபத்து. இப்பவே ஆஸ்பத்திரிக்குப் போங்க லா."

புக்கிட் ரோத்தான் ஊரைத் தாண்டி ஆஸ்பத்திரிக்குக் கார் ஓடியது. இரு பக்கமும் எண்ணெய்க்கு வளர்க்கும் செம்பனைத் தோட்டம். மரங்களுக்கு நடுவே சந்து, சந்துக்கு அப்பால் மரம், திரும்பவும் சந்து. அந்த மரங்களின் நிழலைப் பற்றி எவ்வளவோ கதை எழுதியவன் நான். அன்றைக்கு அது வெறும் சிறைக் கம்பியாக நின்றது.

மார்பில் ஒயர்கள் ஒட்டினார்கள். கையில் டிரிப். புரண்டு படுக்கவும் நர்ஸ் மிஸியைக் கேட்க வேண்டும். எங்கள் மகள் வயதிருக்கும் தமிழ் டாக்டர் மறுபடி ரத்தம் எடுத்தார். "சில சமயம் எடுக்கறப்பவே ரத்த அணு உடைஞ்சிடும். அதுல இருக்கற பொட்டாசியம் டியூப்ல கலந்து, பொய்யா ஏத்திக் காட்டும்."

அந்தப் பொய்யைப் பிடித்துக்கொண்டு கிடந்தேன். உடைந்திருக்கட்டும். எவராவது அவசரத்தில் டியூபைக் குலுக்கியிருக்கட்டும்.

இரண்டாவது முடிவும் அதையே சொன்னது.

"டாக்டர், நாந்தான் இளநி குடுத்தேன்," என்றாள் மனைவி. "இவரு வேணாம்னுதான் சொன்னாரு."

"பொய் சொல்றா டாக்டர். நாந்தான் இன்னொண்ணு கேட்டு வாங்கிக் குடிச்சேன்."

"நீங்க சும்மா கெடங்க. இத்தன ஒயர் மாட்டியும் வாய் அடங்கல பாரு."

டாக்டர் சிரித்துவிட்டார். "இளநியில பொட்டாசியம் நெறைய. ஏத்தினது அதான்."

என் மனைவியின் முகம் அப்படி மலர்ந்தது. "பாத்தீங்களா, என் தப்புதான்! இனிமே குடுக்க மாட்டேன். சரியாப் போயிடுமில்ல?"

டாக்டர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"பொட்டாசியம் எறங்கிடும் ஆன்டி. ஆனா நல்ல கிட்னியா இருந்தா, கூடுதலா வந்தத ஒண்ணுக்குல தள்ளியிருக்கும். இங்க பாருங்க, கிரியேட்டினின். தசையிலேர்ந்து தெனமும் வர்ற கழிவு. கிட்னி வெளியாக்காம இதுவும் தேங்கி நிக்குது. ஸ்கேன்ல ரெண்டு கிட்னியும் சுருங்கியிருக்கு. சுருங்கினது இனிப் பழையபடி ஆகாது. ரொம்ப நாளா சத்தமில்லாம நடந்திருக்கு. இளநி இதச் செய்யல. உங்க மேல தப்பே இல்ல."

அப்போதுதான் அவள் அழுதாள்.

"இல்ல டாக்டர், நல்லாப் பாருங்க. இளநியாத்தான் இருக்கும். நாந்தான் குடுத்தேன்..."

அவள் நின்றது டிரிப் ஏறிக்கொண்டிருந்த பக்கம். அவளைத் தொட அந்தக் கையை என்னால் நீட்ட முடியவில்லை.