ஒன்றுமில்லை, எஸ் சொல்லலாம்

தணிகாசலம் இறந்துபோன செய்தியை அவர் மகள் மலர்தான் எனக்கு ஃபோனில் சொன்னாள். காலை பத்து மணி இருக்கும். கூடுவாஞ்சேரி பேருந்து நிறுத்தத்தில் நின்றுகொண்டிருந்தேன். "அப்பா பூட்டாரு ஆன்ட்டி" என்றாள். நாஸ்தா சாப்பிட உட்கார்ந்தவர் அப்படியே சாய்ந்துவிட்டாராம். நான் ஏதோ சொல்ல வாயெடுப்பதற்குள், "உங்களாண்ட ஒரு நோட்டு குடுக்கணும்னு சொல்லிகினே இருந்தாரு. வரும்போது வாங்கிக்குங்க" என்றாள். அழுகை வருவதற்கு முன்னால் எனக்குப் பயம் வந்தது. அதை மறைத்து எழுதி ஆகப்போவது ஒன்றுமில்லை. அது எந்த நோட்டு என்று எனக்குத் தெரியும். அதில் என்னைப் பற்றி என்ன எழுதியிருப்பார் என்பதுதான் தெரியாது.

செங்கல்பட்டு ரயில் நிலையத்துக்கு எதிரே, அந்த மாடி அலுவலகத்தில் எங்களோடு வேலை பார்த்தவர்களுக்கும், மாமல்லபுரம் யார்டில் அவரை 'அண்ணாத்த' என்று கூப்பிட்டவர்களுக்கும் இதை எழுதுகிறேன். உங்களில் பலர் அவரைப் பற்றி ஒரு கதையை இத்தனை வருஷமாக நம்பிக்கொண்டிருக்கிறீர்கள். ஃபோனில் வெள்ளைக்காரர் சொன்னது புரியாமல் தலையாட்டி, ஒரு பெரிய ஆர்டரையே கெடுத்தவர் என்று. சதுரங்கப்பட்டினத்தில், அவர் உடலைக் கிடத்தியிருந்த வீட்டு வாசலில்கூட ஒருவர் அதைச் சொல்லிக்கொண்டிருந்தார். நான் இரண்டு நாற்காலி தள்ளி உட்கார்ந்திருந்தேன். அப்போதும் வாயைத் திறக்கவில்லை.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் கம்பெனி இங்கிலாந்துத் தோட்டங்களுக்குக் கருங்கல் தொட்டி, கல் விளக்கு, கல் பெஞ்சு எல்லாம் அனுப்பி வந்தது. கல் செதுக்கிப் பெட்டியில் அடைக்கும் யார்டு மாமல்லபுரத்தில். கடிதம், ஃபேக்ஸ், தொலைபேசி எல்லாம் செங்கல்பட்டு மாடியில். தொண்ணூறுகளின் கடைசியில் நான் அங்கே சேர்ந்தபோது எனக்கு இருபத்து நான்கு வயது. இங்கிலீஷ் மீடியத்தில் படித்தவள் என்ற தலைக்கனம் எனக்கு நிறையவே இருந்தது. நேர்முகத் தேர்வில் முதலாளி, "பிசினஸ் இங்கிலீஷ் வருமா?" என்று கேட்டார். "நல்லா வரும் சார்" என்றேன். ஷேக்ஸ்பியர் காலத்து இங்கிலீஷில் பரீட்சை எழுதி வந்தவளுக்கு வியாபாரிகள் பேசும் இங்கிலீஷில் பாதி புரியாது என்பது முதல் வாரமே தெரிந்துவிட்டது. கால், டர்ன், புட் என்று குழந்தைக்கும் தெரிந்த சொற்கள்தான். பின்னால் ஒரு ஆஃப், ஒரு அவுட் ஒட்டிக்கொண்டால் வேறு எங்கோ போய் நிற்கும். புரியாததை வெளியே காட்டாமல் சமாளிக்க மட்டும் நான் நன்றாகக் கற்றுக்கொண்டேன்.

தணிகாசலம் எனக்கு ஆறு வயது மூத்தவர். தமிழ் மீடியம். என் மேசைக்கு எதிர் மேசை. எனக்கும் அவருக்கும் ஒரே வேலைதான். என்னை வசந்தி மேடம் என்பார், அடுத்த சொல்லிலேயே நீ என்பார். ஒரு நாள் கடிதம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து, டைப்பிஸ்ட், பியூன் எல்லோரும் இருக்கும்போதே உரக்கக் கேட்டார். "இன்னா மேடம் இது, பால் இஸ் இன் யுவர் கோர்ட்டாம். நம்ம கல்லு வாங்குறவன் எதுக்கு பந்து வெளையாடுறான்? எனுக்குத் தெர்ல. உனுக்குத் தெரியுமா?" எனக்கும் தெரியவில்லை. "இது சாதாரண விஷயம், அப்புறம் சொல்றேன்" என்று ஃபைலுக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டேன். அவர் சிரித்துவிட்டுப் போனார். இனிமேல் செய்ய வேண்டியது நம் பொறுப்பு என்பதுதான் பொருள் என்று மறுநாள் அவரே கண்டுபிடித்து வந்து எனக்கும் சொன்னார்.

எப்படிக் கண்டுபிடிப்பார் தெரியுமா? ஞாயிற்றுக்கிழமை மாமல்லபுரம் கடற்கரைக்குப் போய்விடுவார். நோட்டைக் கையில் பிரித்து வைத்துக்கொண்டு, வெளிநாட்டுக்காரர் யார் வந்தாலும் எதிரே போய் நிற்பார். சங்குமாலை விற்க வந்தவர் என்று நினைத்து அவர்கள் "நோ, நோ, தேங்க்யூ" என்று நகர்வார்கள். இவர் பின்னாலேயே போவார். "ஐ ஆம் நாட் செல்லிங் சார். ஒன்லி மீனிங்." பத்துப் பேரில் இரண்டு பேராவது நின்று சொல்லிக் கொடுப்பார்களாம். திங்கட்கிழமை அதைப் பேருந்து நடத்துனரிடமோ டீக்கடையிலோ ஒரு தடவையாவது பயன்படுத்திப் பார்த்த பிறகுதான் நோட்டில் ஏறும். நீளமான கணக்கு நோட்டு. பக்கத்துக்கு மூன்று பத்தி பிரித்திருப்பார். முதலில் சொல்தொடர், அடுத்து தமிழில் பொருள், கடைசியில் 'யாரிடம் கற்றது'. அந்தக் கடைசிப் பத்தியில் சுற்றுலா வந்த கிழவி ஒருத்தியின் பெயரும் இருக்கும், திருக்கழுக்குன்றம் நடத்துனர் பெயரும் இருக்கும். "எவன் சொல்லிக் குடுத்தானோ அவன் பேரு போடணும் மேடம். இல்லாங்காட்டி அது திருட்டு" என்பார்.

இனி புதன்கிழமைக்கு வருகிறேன். வாரா வாரம் புதன் மதியம் மூன்று மணிக்கு இங்கிலாந்திலிருந்து ஃபோன் வரும். ஸ்பீக்கரில் போட்டு, முதலாளி நடுவில் உட்காருவார். அவர் இடது பக்கம் தணிகாசலம், வலது பக்கம் நான். முதலாளிக்கு ஆங்கிலம் கொஞ்சம்தான் வரும். ஆனால் திருப்பிக் கேட்பது அந்த அறையில் நடக்கவே கூடாது. "ரிப்பீட் ப்ளீஸ்னு ஒருத்தன் கேட்டான்னா, நம்ம கம்பெனி மானம் கப்பலேறிடும்" என்பார். அதனால் ஒரு ஏற்பாடு. பழைய இன்வாய்ஸ்களின் பின்பக்கத்தைக் கையகலத்துக்குக் கிழித்து வைத்திருப்போம். வெள்ளைக்காரர் சொல்வதை எங்களில் யார் முதலில் புரிந்துகொள்கிறாரோ அவர் பென்சிலால் தமிழில் எழுதி முதலாளி முன்னால் தள்ள வேண்டும். அவர் படித்துவிட்டு "எஸ் எஸ், நோ ப்ராப்ளம்" என்பார். பேச்சு முடிந்ததும் சீட்டுகளைத் தேதி போட்டு ஃபைலில் குத்தி வைப்பது தணிகாசலத்தின் வேலை.

நான் சொல்ல வந்த அந்தப் புதன்கிழமை, பேச்சின் நடுவே ஒரு பழைய ஆர்டரின் அளவு தேவைப்பட்டது. தணிகாசலம் எழுந்து பக்கத்து அறை பீரோவுக்குப் போனார். அவர் போன பிறகு வெள்ளைக்காரர் கப்பலைப் பற்றி ஏதோ சொல்லி, மூன்று வாரம் என்றார், "பிரிங் ஃபார்வர்டு" என்றார், முடியுமா என்று கேட்டு நிறுத்தினார். ஸ்பீக்கர் இரைந்துகொண்டிருந்தது. முதலாளி என் பக்கம் திரும்பினார். தேதியை முன்னுக்குக் கொண்டுவருவதற்கு நம் ஊரில் எல்லோரும் சொல்வதைப்போல 'ப்ரிபோன்' என்று வெள்ளைக்காரர் சொல்லியிருந்தால் எனக்குச் சட்டென்று புரிந்திருக்கும். அந்தச் சொல் அவர்கள் ஊரிலேயே கிடையாது என்று பிற்பாடுதான் தெரிந்தது. ப்ரொபேஷன் முடிய ஒன்றரை மாதம்தான் பாக்கி. என் சம்பளத்தில்தான் வீடு ஓடிக்கொண்டிருந்தது. தெரியவில்லை என்று எழுத என் கை வரவில்லை. சீட்டில், 'ஒன்றுமில்லை. எஸ் சொல்லலாம்' என்று எழுதித் தள்ளினேன். முதலாளி, "எஸ் எஸ், நோ ப்ராப்ளம்" என்றார்.

ஃபோனை வைத்ததும் தணிகாசலம் என்னைக் கேட்டார். "நான் பீரோவாண்ட போனப்ப இன்னாவோ கேட்டான் போல கீதே?"

"ஒண்ணுமில்ல சார். வழக்கமான பேச்சுதான்."

அவருக்கு அந்தச் சொல் தெரிந்திருக்காது. ஆனால் ஞாயிற்றுக்கிழமைக்குள் தெரிந்துகொண்டு வந்திருப்பார். நான்கே நாளில் எல்லாம் சரியாகியிருக்கும். அந்த நான்கு நாளும் அவர் என் எதிர் மேசையில்தான் இருந்தார், நான்தான் கேட்கவில்லை.

ஒரு மாதம் கழித்து ஃபேக்ஸ் வந்தது. மூன்று வாரம் முன்னதாகவே அனுப்புவதாக நீங்கள் ஒப்புக்கொண்ட சரக்கு எங்கே, கப்பல் உங்கள் பெட்டி இல்லாமலே கிளம்பிவிட்டதே, எங்கள் கடை திறப்பு என்னாவது என்று கேட்டிருந்தார்கள். மீதி ஆர்டரை வேறு இடத்துக்குக் கொடுக்கிறோம் என்று கடைசி வரி. முதலாளி அதை என்னிடம் கொடுத்து உரக்கப் படிக்கச் சொன்னார். "நான் எப்பய்யா ஒத்துகினேன்? தணிகா, எடு அந்த ஃபைல. எவன் எழுதிக் குடுத்தான்னு இன்னிக்கு பாத்துடறேன். எழுதுன கைய இன்னியோட வூட்டுக்கு அனுப்பறேன்" என்று கத்தினார்.

தணிகாசலம் ஃபைலைப் பிரித்தார். ஒவ்வொரு சீட்டாகத் தள்ளினார். ஒன்றில் நின்றார். என் கையெழுத்து அவருக்குத் தெரியாதா? அந்தச் சமயத்தில் தான் அந்த அறையிலேயே இல்லை என்பதும் அவருக்குத் தெரியும். நான் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றேன். என்னை அவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. சீட்டை ஃபைலிலிருந்து உருவிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, "நாந்தான் சார் எழுதுனேன். தெரியாமெ எழுதிட்டேன்" என்றார். முதலாளி அவரை என்னென்ன திட்டினார் என்பதை எழுத மாட்டேன். அவர் பிள்ளைகளும் இதைப் படிப்பார்கள்.

அன்று படிக்கட்டில் அவரை மறித்தேன். அழுகைதான் வந்தது. "இன்னாத்துக்கு அழுவுற? உன்னிய வூட்டுக்கு அனுப்பிடுவாரு மேடம். என்னிய யார்டுக்குத்தான் அனுப்புவாரு. எனுக்கு யார்டு கிட்ட, பஸ் செலவு மிச்சம்" என்றார். இரண்டு படி இறங்கித் திரும்பிப் பார்த்தார். "ஆனா ஒண்ணு. தெர்லன்னா தெர்லன்னு எழுது. பொய்யி மட்டும் எழுதாத." அதைச் சொன்னபோது அவர் முகத்தில் சிரிப்பே இல்லை. அவருக்கு என்மேல் கோபம் இருந்தது. இருந்திருக்க வேண்டியதுதான்.

அவரை மாமல்லபுரம் யார்டில் மரப்பெட்டி அடிக்கும் இடத்துக்கு மாற்றினார்கள். அங்கே பாலிஷ் போடுபவர்கள் இரண்டு மாதம் வேலையில்லாமல் உட்கார்ந்திருந்தார்கள். அந்தக் கோபத்தை எல்லாம் தணிகாசலத்தின்மேல் காட்டினார்கள். யார் புண்ணியத்தில் இந்த நிலைமை என்று பேச்சு வரும்போது அவர் ஆணி அடித்துக்கொண்டிருப்பாராம். நான் செங்கல்பட்டில் மின்விசிறிக்குக் கீழே இருந்தேன்.

சில மாதம் கழித்து இன்னொரு இங்கிலாந்துக் கம்பெனி கிடைத்தது. முதல் புதன்கிழமை, முதலாளியின் இரண்டு பக்கத்துக்கும் நான் ஒருத்திதான். பாதிப் பேச்சில் புரியாத தொடர் ஒன்று வந்தது. முதலாளி சீட்டுக்காகக் கையை நீட்டினார். நான் எழுதவில்லை. ஸ்பீக்கர் பக்கம் குனிந்து, எனக்கு இது தெரியவில்லை, எளிமையாகச் சொல்லுங்கள் என்று ஆங்கிலத்தில் கேட்டேன். முதலாளி மேசைக்கடியில் என் காலை மிதிக்காத குறை. வேலை போயிற்று என்றே நினைத்தேன். ஆனால் அந்தப் பக்கம் பேசிய வெள்ளைக்கார அம்மாள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு நிதானமாக விளக்கினார். ஃபோனை வைத்ததும் முதலாளி, "கேட்டா சொல்றாங்களே" என்று மட்டும் முணுமுணுத்தார். அன்றைக்கே, 'சார், அந்தச் சீட்டு என்னுடையது' என்று நான் சொல்லியிருக்கலாம். அவர் நல்ல மனநிலையில் இருந்ததைக் கெடுப்பானேன் என்று தள்ளிப் போட்டேன்.

ஏழெட்டு வருஷம் கழித்து ஒரு தடவை யார்டுக்குப் போனபோது அவரிடமே ஆரம்பித்தேன். "சார், அந்தச் சீட்டு விஷயத்த எல்லார்கிட்டயும் சொல்லிடப் போறேன்." அவர் பெட்டியில் வைக்கோலைத் திணித்துக்கொண்டிருந்தார். "அத்த வுடு மேடம். டீ சாப்டு" என்றார். நான் டீயைக் குடித்தேன். அவர் விடச் சொன்னார் என்று அதைப் பிடித்துக்கொண்டு இத்தனை காலம் ஓட்டிவிட்டேன். அவர் பெருந்தன்மையாகச் சொன்னார். எனக்கு அது வசதியாக இருந்தது, அவ்வளவுதான்.

பதினாறாம் நாள் காரியத்துக்குப் போனபோது மலர் அந்த நோட்டைக் கொடுத்தாள். திரும்பும் பேருந்தில் மடியில் வைத்துக்கொண்டு, திருக்கழுக்குன்றம் தாண்டும்வரை பிரிக்கவில்லை. பிரித்ததும் பக்கம் பக்கமாகத் தேடினேன். கிடைத்தது. ஒரு பக்கத்தின் நடுவில் என் சீட்டை ஒட்டியிருந்தார். பென்சில் எழுத்து மங்கியிருந்தாலும் படிக்க முடிந்தது. 'ஒன்றுமில்லை. எஸ் சொல்லலாம்.' அதற்குக் கீழே வழக்கம்போல மூன்று பத்தி. 'பிரிங் ஃபார்வர்டு.' 'குறித்த தேதியை முன்னதாக நகர்த்துவது.' மூன்றாவது பத்தியில், 'யாரிடம் கற்றது' என்ற தலைப்புக்கு நேராக, அழகான கையெழுத்தில் 'வசந்தி மேடம்' என்று எழுதியிருந்தார்.

திட்டி எழுதியிருந்தால் தாங்கியிருப்பேன். பேருந்தில் பக்கத்திலிருந்த பெண் "இன்னாம்மா ஆச்சு?" என்று கேட்கும் அளவுக்கு அழுதேன்.

அந்த நோட்டு இப்போது என்னிடம் இருக்கிறது. அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது அந்த ஒரு பக்கமும், தெரியாததைத் தெரியாது என்று உரக்கச் சொல்லும் அந்தக் குரலும்தான். முதலாளிக்கு வயதாகிவிட்டது, கண் பார்வை குறைந்துவிட்டது என்று கேள்விப்பட்டேன். அவருக்கு யாராவது இதைப் படித்துக் காட்டுங்கள். சார், அன்று நம் பெட்டி இல்லாமல் கப்பல் கிளம்பியதற்குக் காரணமான சீட்டைத் தணிகாசலம் எழுதவில்லை. எழுதியது நான்.