துறைமுகத்துக்கு வந்த எச்சரிக்கை

இருபது வருடமாக வானிலை அலுவலகத்தில் மழையும் காற்றும் கணிக்கும் அந்த அம்மாள், கணிப்பு பொய்த்துவிட்டால் மறுநாள் வானொலியில் அதைத்தான் முதலில் சொல்வார்: "நேற்று மழை வரும் என்றேன், வரவில்லை. தவறு என்னுடையது."

"கடைத்தெருவுல தலைகாட்ட முடியலக்கா, எல்லாரும் சிரிக்கறாங்க" என்று தங்கை புலம்புவாள்.

ஒரு பிற்பகல், ரேடார் திரையில் இடிமேகம் ஒன்று சட்டென்று துறைமுகத்தின் பக்கம் திரும்புவதைப் பார்த்தார். உடனே அங்கிருந்த மேற்பார்வையாளரைப் போனில் பிடித்தார்.

"அரை மணி நேரத்துல பலத்த காத்து வருதுங்க. கிரேன்ல இருக்கறவங்களை இறக்கிடுங்க."

"இங்க வெயில் மண்டையைப் பிளக்குதே! நிச்சயமா வருமா, மேடம்?"

"நிச்சயம்னு சொல்லமாட்டேன். வர்றதுக்குத்தான் வாய்ப்பு அதிகம்."

மேற்பார்வையாளர் மறுபேச்சுப் பேசாமல் கிரேன்களில் இருந்த பதினொரு பேரையும் இறக்கினார். சற்று நேரத்தில் வீசிய சூறைக்காற்றில் ஒரு கிரேன் அப்படியே சாய்ந்து கடலில் விழுந்தது. ஒருவருக்கும் சிறு கீறல்கூட இல்லை.

மாலையில் மேற்பார்வையாளர் போனில் கூப்பிட்டார். "தப்பை மறைக்காதவங்க சொல்றாங்களேன்னுதான் மேடம் இறக்கினேன்."

அந்த அம்மாள், "எல்லாரும் வீட்டுக்குக் கிளம்பிட்டாங்களா?" என்று மட்டும் கேட்டார்.