டம்ளரைப் பார்த்த டைரக்டர்

அமெரிக்காவில், எடிசன் நகரில் ஒரு வீட்டுச் சமையலறையில் ஷூட்டிங் தொடங்கிய மூன்றாம் நாள், எங்கள் கதாநாயகி கைப்பையை எடுத்துக்கொண்டு தன் காரை நோக்கி நடந்துவிட்டார்.

கதாநாயகி என்றால் சரோஜா ஆன்ட்டி. வயது அறுபத்தொன்று. பக்கத்து ஊரான பார்சிப்பனியில் ஆபீஸ் வேலை, தமிழ்ச் சங்க நாடகங்களில் நடித்த பழக்கம். லீவு போட்டுவிட்டு நடிக்க வந்திருந்தார். டைரக்டர் யூஹா ஃபின்லாந்துக்காரர். இருபது வருடம் மற்றவர்களின் படங்களுக்குக் கேமராமேனாக இருந்தவர். டைரக்டராக இதுதான் முதல் படம், கேமராவையும் அவரே பார்த்தார். நான் அவருடைய ஃபோகஸ் புல்லர். நடிகர்கள் நகர நகர ஃபோகஸைத் திருகி, முகம் மங்காமல் பார்த்துக்கொள்ளும் வேலை.

குளிர்காலப் பகல் சில மணி நேரமே நீடிக்கும் ஊரில் தொழில் கற்றவர் யூஹா. வெளிச்சத்தில் சின்னக் குறை இருந்தாலும் அவருக்குப் பொறுக்காது. அன்று காலை, 'ஊருக்கே போய்டறேன்' என்று மகளிடம் சொல்லும் காட்சியில் ஆன்ட்டி நிஜமாகவே அழுதுகொண்டிருந்தார். எனக்குப் புல்லரித்துவிட்டது. யூஹா கட் சொன்னார். சமையல் மேடையில் இருந்த எவர்சில்வர் டம்ளர் பளபளத்ததாம்! நேராகப் போய் அதை இரண்டு அங்குலம் நகர்த்தினார். ஆன்ட்டியிடம் ஒரு வார்த்தை இல்லை. கேமராமேனாக இருந்து டைரக்டரானவர் மட்டுமே செய்யக்கூடிய தப்பு அது.

நான் ஆன்ட்டியின் பின்னாலேயே ஓடினேன்.

“ரகு, அவரு அந்த டம்ளருக்குத்தான்ப்பா டைரக்டர். மூணு நாளா என் மூஞ்சியை ஒரு தடவையாவது பாத்தாரா? எனக்கு நடிக்க வரலைன்னா நேரா சொல்லிடச் சொல்லு. திங்கக்கிழமை ஆபீஸ்ல ஜாயின் பண்ணிடறேன்.”

“பத்து நிமிஷம் டைம் குடுங்க ஆன்ட்டி.”

அவர் போனால் படமே நின்றுவிடும். நடிப்பைப் பற்றி ஃபோகஸ் புல்லர் டைரக்டரிடம் வாய் திறக்கக் கூடாது என்பது எங்கள் தொழிலின் எழுதாத சட்டம். திறந்தேன். ஆன்ட்டி சொன்னதை, டம்ளர் உட்பட, அப்படியே இங்கிலீஷில் சொன்னேன். என் வேலை போச்சு என்று நினைத்தேன். யூஹா கழுத்திலிருந்த, வெளிச்சம் அளக்கும் லைட் மீட்டரைக் கழற்றி என் கழுத்தில் மாட்டினார். மானிட்டரை அணைத்தார். வெளியே போய் மன்னிப்புக் கேட்டு ஆன்ட்டியை அழைத்து வந்தார். லென்ஸுக்குக் கீழே தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, ஆக்‌ஷன் சொல்லிவிட்டு, ஆன்ட்டியின் முகத்தையே பார்த்தார்.

பாதி டேக்கில் சூரியனை மேகம் மறைத்தது. சமையலறை இருண்டது. மொத்த யூனிட்டும் யூஹாவின் வாயைப் பார்த்தது. மனிதர் அசையவே இல்லை! வெளிச்சத்தை உள்ளே விடும் ஐரிஸைக் கேமராமேன் சொல்லாமல் தொடக் கூடாது. தொட்டேன். இருட்ட இருட்ட மெதுவாகத் திறந்துகொண்டே போனேன். வசனம் முடிந்தது. ஆன்ட்டி, ஸ்கிரிப்டில் இல்லாத ஒன்றைச் செய்தார். மகளாக நடித்த பெண்ணின் முடியைக் காதுக்குப் பின்னால் ஒதுக்கிவிட்டார்.

கட் சொன்ன யூஹாவின் கன்னம் நனைந்திருந்தது. மேகம் வந்ததைச் சொன்னேன். எப்போது வந்தது என்று கேட்டார். எனக்குச் சந்தோஷத்தில் கத்த வேண்டும் போல இருந்தது.

எடிட்டிங்கில்தான் மாட்டிக்கொண்டேன். கடைசி நொடிகளில் ஆன்ட்டியின் முகம் லேசாக மங்கியிருந்தது. வேலையை மறந்து நானும் அவரைப் பார்த்துக்கொண்டே நின்றிருக்கிறேன். கூனிக்குறுகி ஒப்புக்கொண்டேன்.

புதிதாக வருபவர்களிடம் ஃபோகஸை விடாதே என்றுதான் இன்றும் சொல்கிறேன். எதிரே நிற்பது மனுஷி என்பதையும் விடாதே என்று சேர்த்துச் சொல்லக் கற்றது அன்றுதான். விட்ட ஃபோகஸுக்கெல்லாம் திட்டு வாங்கியவன் நான். அந்த ஒன்றை மட்டும் யூஹா படத்தில் வைத்துக்கொண்டார்.