பேசாத படங்களுக்குப் பேசிய தேவசகாயம்

திருச்சானூர்க் கடைவீதியில் சைக்கிளை நிறுத்தி, "ஒங்க தேவசகாயம் பூட்டாருப்பா" என்றார் சித்தூர்க்காரர் ஒருவர். சர்ச் சபைக்காரர்கள் அடக்கமும் முடித்துவிட்டார்களாம். எனக்கு முதலில் வந்தது கோபம்தான். ஒரு வார்த்தை சொல்லி அனுப்பியிருக்கக் கூடாதா?

உங்களில் பலர் அவரை எங்கள் டூரிங் சினிமாக் கூடாரத்தில் பார்த்திருப்பீர்கள். அந்நாளில் படம் பேசாது. திரையருகே நின்று தமிழிலும் தெலுங்கிலும் தேவசகாயம் அண்ணன்தான் பேசுவார். படம் காட்டும் மெஷினைக் கையால் சுற்றுவது நான். சீமையிலிருந்து வரும் அடிதடிச் சிரிப்புப் படங்களில் விழுகிறவனுக்கும் உதைபடுகிறவனுக்கும் அந்தந்த ஊர்ப் பேரையே வைப்பார். பகலில் கடைத்தெருவைச் சுற்றிப் பேர் பொறுக்கிக்கொண்டு வருவார். "பேரு நம்மூருதா இருந்தாதான் உதை நல்லா விழும்" என்பார்.

அந்தப் பழக்கம் திருப்பதியில் எங்களை மாட்டிவிட்டது. வெற்றிலைக் கடைக்காரன் ஒருவன் 'பூசணி தொரை' என்ற பேரைக் கொடுத்தான். அது யாரென்று அண்ணன் விசாரிக்கவில்லை. அன்றைய படத்தில் ஒல்லித் திருடன் ஒருவன் குண்டுப் போலீஸ்காரனைத் தண்ணீர்த் தொட்டியில் தள்ளினான். "உளுந்தாரு பாரு நம்ம பூசணி தொரை" என்றார் அண்ணன். ஒருவரும் சிரிக்கவில்லை. எல்லாத் தலையும் முன்வரிசை நாற்காலிப் பக்கம் திரும்பியது. அங்கே உட்கார்ந்திருந்தவர் சப்-இன்ஸ்பெக்டர். ஊர் அவருக்கு முதுகுக்குப் பின்னால் வைத்திருந்த பேர் அது. அவர் எழுந்தார். கான்ஸ்டபிள்கள் திரையை நோக்கி நகர்ந்தார்கள். அண்ணன் லாக்கப்புக்குத்தான் போகப்போகிறார் என்று தெரிந்துவிட்டது.

அண்ணன் என்னைப் பார்த்துக் கையைத் தூக்கினார். மெதுவாகச் சுற்று, பேச நேரம் வேண்டும் என்று அர்த்தம். மெதுவாகச் சுற்றினால் விளக்குச் சூட்டில் பிலிம் பற்றிக்கொள்ளும். பற்றினால் ஜனங்களோடு கூடாரமே போய்விடும். அது அவருக்கும் தெரியும். சுற்றைத் தளர்த்தினேன். திரையில் போலீஸ்காரன் தொட்டியிலிருந்து ஏற முடியாமல் ஏறிக்கொண்டிருந்தான்.

"இன்னா பாக்கறீங்க? அவன் போலீசே இல்ல. நம்ம தொரையோட சட்டையத் திருடி மாட்டிகினு வந்த திருடன். அதோ ஒல்லியா ஓடறாரே, அவுருதான் தொரை. மாறுவேசத்துல வந்துகினு இருக்காரு."

கருகும் நாற்றம் வந்தது. சூட்டில் சுருண்ட பிலிமை விரலாலேயே இழுத்துவிட்டு வேகத்தைக் கூட்டினேன். குண்டனுக்கு அடுத்த உதை விழுந்தது. சப்-இன்ஸ்பெக்டர் நின்றபடியே திரையைப் பார்த்தார். பிறகு மெல்ல உட்கார்ந்தார். "இன்னொண்ணு குடுக்கச் சொல்லு" என்றார். அப்புறம்தான் கூடாரம் சிரித்தது.

ஆட்டம் முடிந்து அண்ணன் மெஷினிடம் வந்தார். வந்ததும் திட்டிவிடுவதென்று இருந்தேன். கொப்புளித்த என் விரல்களைப் பார்த்தார். தண்ணீர்ப் பானைக்குள் என் கையை அமுக்கி, விடாமல் பிடித்துக்கொண்டார். ஊர் ஊராக வாய் ஓயாமல் பேசிப் பிழைத்த மனிதர் அன்று ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. அவருடைய பேச்சையெல்லாம் நீங்கள் பங்கிட்டுக்கொள்ளுங்கள். அந்த மௌனம் என்னுடையது.