பத்தாம் நாள் சாட்சி

புருஷன் செத்த பத்தாம் நாள் நான் வீட்டை விட்டு வெளியே போகவில்லை என்று ஒருத்தி கோர்ட்டில் நிரூபிக்க வேண்டியிருந்தால், அதைவிடக் கேவலம் உண்டா? நீலாவதிக்கு அது வாய்த்தது.

அவள் புருஷன் மஹாதேவன் கல்கத்தா துறைமுகத்தில் வேலை பார்த்தவர். குழந்தைகள் இல்லை. சம்பளத்தில் மிச்சம் பிடித்து ஒரு தேயிலைக் கம்பெனியின் பங்குகளை வாங்கி, தன் பெயரோடு மனைவி பெயரையும் சேர்த்து எழுதிவைத்தார். "நாளைக்கு நீ யார்கிட்டயும் போய் நிக்கக்கூடாது" என்பார். தொண்ணூற்று நாலில் கண்ணை மூடினார். கொள்ளி போட்டவன் தம்பி பட்டாபிராமன். பங்குத் தரகர் ஆபீசில் குமாஸ்தா. "பத்திரமெல்லாம் எங்கிட்ட இருக்கட்டும் மன்னி" என்று பெட்டியோடு கொண்டுபோனான். கொழுந்தனைச் சந்தேகப்பட நீலாவதிக்குத் தெரியவில்லை.

வருஷங்கள் ஓடின. பவானிபூரில் அவள் குடியிருந்த வீட்டை இடித்து அடுக்குமாடி கட்டப்போவதாக வீட்டுக்காரர் சொல்லிவிட்டார். பங்குகளை விற்றால் சாந்த்ராகாச்சிப் பக்கம் சின்னதாக ஒரு ஃபிளாட் வாங்கலாம். கம்பெனிக்குப் போய் விசாரித்தாள். பங்குகள் எப்போதோ பட்டாபிராமன் பெயருக்கு மாறியிருந்தன. அவளே தரகர் ஆபீசுக்கு நேரில் வந்து கையெழுத்துப் போட்டதாகச் சாட்சியோடு பத்திரம். தேதி, மஹாதேவனின் பத்தாம் நாள்.

வக்கீல் சக்ரவர்த்தி பாபுவுக்கு ஒரே உற்சாகம். "முட்டாள், தேதியில் மாட்டிக்கொண்டான். அன்று உங்களை வீட்டில் பார்த்த ஒருவர் வந்து சொன்னால் போதும்."

பட்டாபிராமனா முட்டாள்? பத்தாம் நாள் சுமங்கலிகள் அவள் முகத்தில் விழிக்கக்கூடாது என்று உள் அறையில் உட்காரவைத்துக் கதவைச் சாத்தியிருந்தார்கள். ஆண்களெல்லாம் கங்கைக்கரையில். வீடு கொள்ளாத ஜனம், அவளைப் பார்த்தவர் ஒருவர்கூட இல்லை. அதைத் தெரிந்துதான் அந்தப் பாவி அந்தத் தேதியைப் போட்டிருக்கிறான்.

ஆனால் கூடப்பிறந்த தங்கை தமயந்தி இருந்தாளே. அன்று பூராவும் கதவுக்கு வெளியே உட்கார்ந்து, தானும் சுமங்கலி என்பதால் முகத்தைத் திருப்பிக்கொண்டு காபி டம்ளரை உள்ளே தள்ளியவள். அக்கா அழுததைக் கேட்டு அவளும் அழுதாள்.

"கவலைப்படாதே அக்கா, நான் வந்து சொல்றேன்" என்றாள் தமயந்தி.

கோர்ட்டுக்கு வந்தாள். அதற்குள் அவள் பிள்ளைக்குப் பட்டாபிராமன் தன் ஆபீசிலேயே வேலை வாங்கிக் கொடுத்திருந்தது நீலாவதிக்குத் தெரியாது. அன்று அக்காவைப் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். பார்க்கவில்லை என்றாள். குரல்? அழுகைச் சத்தம் கேட்டது, அழுதவரைப் பார்க்கவில்லை. காபி? டம்ளர் காலியாகத் திரும்பி வந்தது, குடித்தவரையும் பார்க்கவில்லை.

ஒரு வார்த்தை பொய்யில்லை. அதுதான் வயிற்றெரிச்சல். வழக்கு தோற்றது. ஃபிளாட்டும் போயிற்று.

வராந்தாவில் தங்கையை நிறுத்தினாள் நீலாவதி.

"அன்னிக்கு நீ என் மூஞ்சியைப் பாக்கலே. சாஸ்திரம்னு விட்டுட்டேன். இன்னிக்குப் பாக்கறதுக்கு என்னடி?"

தமயந்தி தலை குனிந்தபடியே விலகி, படியிறங்கிப் போனாள்.