சலீம் வெட்ட மறுத்த காட்சி

என் எழுத்து வரிக்கு வரி ஏறி இறங்கும். சில இடங்களில் பேனா தாளைக் குத்தியிருக்கும். நம் திரைப்படச் சங்கம் ஞாயிற்றுக்கிழமை தோறும் சைக்ளோஸ்டைலில் உருட்டிக் கொடுக்கும் தாளுக்கு ஸ்டென்சில் வெட்டுகிறவர் இதைப் பொறுத்துக்கொள்ள வேண்டும். ஒத்தக்கடையில் தொழிற்சங்க அறையில் நடக்கும் மாலைப் பள்ளியில், தலை நரைத்த பிறகு எழுத்துக் கற்றவன் நான். ஒரு பக்கம் எழுத ஒரு காலைப்பொழுது போய்விடுகிறது. அதில் எனக்கு வருத்தம் இல்லை, சந்தோஷம்தான். மெதுவாக எழுதுகிறவன் எதையும் விட்டுவிட மாட்டான்.

சலீம் இறந்த செய்தி மேலூர் பஸ்ஸில் வந்தது. நடத்துநர் எங்களோடு கல்குவாரியில் வேலை செய்தவருடைய மகன். படியில் நின்றபடியே, "பெரியப்பா, படம் புடிச்ச சலீம் பாய் போயிட்டாராம். நெஞ்சு வலியாம். மதியத்துக்கு மேல எடுக்குறாங்க, ஏறுங்க," என்றான். கட்டியிருந்த வேட்டியோடு ஏறினேன்.

பழைய நகரத்துச் சந்தில் அவர் வீட்டு வாசலில் ஆளுயர ரோஜா மாலை ஒன்று வந்து இறங்கியது. எங்கள் குவாரியின் பழைய கான்ட்ராக்டர் கே.கே. நகரிலிருந்து ஆள் மூலம் அனுப்பியிருந்தார். சலீமின் அக்கா வாசலுக்கு வந்து அதைப் பார்த்தார். "எங்கள்ல மய்யித்துக்கு மாலை போடுற வழக்கமில்ல. அங்கனயே போட்டுட்டுப் போங்க," என்றார். பக்கத்து வீட்டு ஆடு வந்து தின்னத் தொடங்கியது. யாரும் விரட்டவில்லை. துக்கத்துக்குப் போன இடத்தில் மகிழக் கூடாதுதான். ஆனாலும் அது கடைசிப் பூவைத் தின்று முடிக்கும்வரை நான் மகிழ்ச்சியோடு நின்று பார்த்தேன்.

போன ஞாயிறு நம் சங்கத்தில் இரங்கல் கூட்டம் நடந்தது. சங்கத்தை நடத்தும் பேராசிரியர் பேசினார். "சலீம் நல்ல ரசிகர். கேமரா பிடிக்கத் தெரிந்தவர். பாவம், கடைசிவரை ஒரு படமும் முடிக்கவில்லை," என்றார். நீங்களெல்லாம் தலையாட்டினீர்கள். உங்கள்மேல் தப்பில்லை, உங்களுக்குத் தெரியாது. சலீம் ஒரு படம் முடித்தார். நான் பார்த்தேன். எங்கள் காலனி முழுவதும் பார்த்தது. அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

என் தம்பி வேலு குவாரியில் இறந்தான். பாறையில் வெடிமருந்து கெட்டித்த குழி ஒன்று வெடிக்காமல் கிடந்தது. அப்படிக் கிடந்தால் அன்று முழுவதும் யாரும் கிட்டே போகக் கூடாது. அது எங்கள் வேலை முறை. லாரி காத்துக் கிடக்கிறது என்று கான்ட்ராக்டர் வேலுவைப் போகச் சொன்னார். அவன் கிட்டே போனதும் குழி வெடித்தது. குடித்துவிட்டுத் தானாகப் போனான் என்று கான்ட்ராக்டர் போலீசில் சொன்னார். வேலு கள்ளைக்கூடத் தொட்டதில்லை. ஆனாலும் அவன் மனைவி பேச்சியைத் தண்ணீர்க் குழாயடியில் குடிகாரன் பொண்டாட்டி என்றார்கள்.

சலீம் அப்போது கல்யாண வீடுகளில் போட்டோ எடுத்துப் பிழைத்துக்கொண்டிருந்தார். எங்கிருந்தோ ஒரு சினிமா கேமராவை இரவல் வாங்கிக்கொண்டு எங்கள் காலனிக்கு வந்தார்.

"நான் அழணுமா தம்பி?" என்று கேட்டாள் பேச்சி.

"வேணாம்க்கா. நீங்க அழுதா பாக்குறவனும் கூட அழுவான். அழுது முடிச்சா மனசு லேசாயிரும், வீட்டுக்குப் போய் நல்லாத் தூங்குவான். அவன் தூங்கக் கூடாது," என்றார் சலீம்.

அவள் ஜல்லிக் கூடை சுமப்பதை மட்டும் எடுத்தார். எனக்கு அது பிடிக்கவில்லை. "அந்தாள நாலு அடி அடிக்கிற மாதிரி எடுங்க பாய். சனம் விசிலடிக்கும்," என்றேன்.

"அடி வாங்குன நடிகன் எந்திரிச்சு டீ குடிக்கப் போயிருவான்ணே. இவரு எந்திரிக்க முடியாம உக்காரணும்," என்றார்.

எப்படி உட்கார வைப்பார் என்று அன்று எனக்குப் புரியவில்லை.

கான்ட்ராக்டர் தம்முடைய வளர்ச்சியைப் பற்றிய படம் என்று நினைத்துச் சம்மதித்தார். வெள்ளைச் சட்டை, சந்தனப் பொட்டு, மேசைமேல் பிளாஸ்டிக் பூ. "கீழருந்து எடுங்க தம்பி, எடுப்பா இருக்கும்," என்றார். "நேருக்கு நேர் வச்சாத்தான் சார் முகம் தெரியும்," என்று சலீம் கேமராவை அவர் கண்ணுக்கு நேராக வைத்தார். இரைச்சல் கேட்காமலிருக்க அதைக் கம்பளியால் சுற்றியிருந்தார். டேப் ரெக்கார்டரைத் தூக்கிப் பிடித்திருந்தவன் நான். கான்ட்ராக்டர் என் முகத்தைப் பார்க்கவே இல்லை.

வேலுவின் குடும்பத்துக்குத் தாம் செய்யப்போகும் உதவிகளைப் பற்றிப் பேசினார். பேசி முடித்துத் தோளைத் தளர்த்தினார். போட்டோவுக்கு மட்டுமே உட்கார்ந்து பழகியவர். அதில் பளிச்சென்று வெளிச்சம் அடித்தால் வேலை முடிந்துவிடும். சலீம் கேமராவை விட்டுக் கையை எடுத்துத் துண்டால் முகம் துடைத்துக்கொண்டார். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. கான்ட்ராக்டர் தம் மேஸ்திரி பக்கம் திரும்பி, "அந்த வேலு பொண்டாட்டிய ஊரக் காலி பண்ணச் சொல்லு. நான் போகச் சொன்னேன், போனான், செத்தான். அம்புட்டுத்தான்," என்றார். சலீம் அப்போதும் கேமராவை நிறுத்தவில்லை. கான்ட்ராக்டர் பல் குத்தினார், பூவைச் சரி செய்தார், சிரித்தார். எல்லாம் பதிவானது.

சங்கத்தில் திரையிடக் கேட்டபோது பேராசிரியர், "கடைசிக் காட்சி ரொம்ப நீளம். வெட்டிவிடுங்கள். கலை பழிவாங்கக் கூடாது," என்றாராம். சலீமே என்னிடம் சொன்னார். தாம் சொன்ன பதிலையும் சொன்னார்: "வெட்டுனா அவரு தப்பிச்சிருவாரு சார்."

அதனால் படம் எங்கள் காலனியில் ஓடியது. பொழுது சாய்ந்ததும் இரண்டு பக்கமும் படம் தெரிய, இரண்டு கம்புக்கு நடுவே வேட்டியை நனைத்துக் கட்டினோம். கான்ட்ராக்டர் சொந்தக்காரர்களோடு வந்து, முன்பக்கம் என்று தாமே முடிவு செய்து நாற்காலிகளைப் போட்டார். சலீம் புரொஜக்டரைத் தூக்கிக்கொண்டு வேட்டிக்கு மறுபக்கம், எங்கள் பக்கம் வந்துவிட்டார். ஆரம்பத்து எழுத்துகள் படிக்கத் தெரிந்த அவர்களுக்கு இடம் வலம் மாறித் தெரிந்தன. படிக்கத் தெரியாத எங்களுக்கு நேராக இருந்தன. "என்னய்யா எழுதிருக்கு?" என்று அவர்கள் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டதை நினைத்தால் எனக்கு இன்றும் சிரிப்பு வருகிறது.

பேச்சு தனி டேப்பில் ஓடியதால் படத்துக்குப் பின்னால் தங்கித் தங்கி வந்தது. கான்ட்ராக்டர் வாய் மூடினார். பிறகு, "நான் போகச் சொன்னேன்," என்று கேட்டது. வாய் மூடிய முகம், அதன் மேல் அந்தக் குரல். பேச்சி எழுந்து நின்று வேட்டிக்கு அந்தப் பக்கம் இருந்தவர்களைப் பார்த்துச் சொன்னாள்: "கேட்டீகளா? எம்புருசன் குடிக்கல."

"நிப்பாட்டுங்கடா," என்று கான்ட்ராக்டர் எழுந்தார். அவருடைய ஆட்கள் வேட்டியைக் கிழித்தார்கள். கிழித்ததும் வெளிச்சம் நேராக அவர்மேல் போய் விழுந்தது. பல் குத்திக்கொண்டிருந்த அவர் முகம் அவருடைய வெள்ளைச் சட்டையிலேயே ஓடியது. இந்தப் பக்கம் நகர்ந்தார், அந்தப் பக்கம் நகர்ந்தார். காலனியே சிரித்தது. அப்படி ஒரு சிரிப்பை நான் அதற்குப் பிறகு கேட்டதில்லை.

படச்சுருளையும் டேப்பையும் குவாரிப் பள்ளத்தில் போட்டு எரித்தார்கள். சலீமின் மணிக்கட்டை உடைத்தார்கள். கான்ட்ராக்டர் ஒன்றும் அழிந்துபோகவில்லை, கே.கே. நகரில் மாடி வீடு கட்டினார். ஆனால் பேச்சியை அதன் பிறகு யாரும் அந்தப் பேர் சொல்லிக் கூப்பிடவில்லை. வெடிக்காத குழிக்கு எங்களில் யாரையும் அவரால் அனுப்ப முடியவில்லை. கட்டுப் போட்ட கையோடு டீக்கடையில் உட்கார்ந்திருந்த சலீமிடம், "படம் போச்சே பாய்," என்றேன். "ஓடி முடிஞ்ச பொறகுதானண்ணே எரிச்சாங்க," என்றார்.

அவரிடமிருந்து நான் வைத்திருப்பது ஒரு பழக்கம். பேசி முடித்தவரை உடனே விட்டுவிடுவதில்லை, இன்னும் கொஞ்ச நேரம் பார்ப்பேன். போன ஞாயிறு பேராசிரியர் பேசி உட்கார்ந்த பிறகும் பார்த்துக்கொண்டிருந்தேன். தண்ணீர் குடித்தார். கைக்கடிகாரத்தைத் திருகினார். என்னைப் பார்த்தார். அடுத்தவர் பேசத் தொடங்குவதற்குள் எழுந்து வெளியே போய்விட்டார்.

கான்ட்ராக்டரின் பெயரை நான் மறைக்கவில்லை. சலீமின் பெயர் இருக்கும் தாளில் அதையும் எழுத மனம் வரவில்லை, அவ்வளவுதான். அடுத்த வாரம் தனித் தாள் எடுத்து, அவருடைய அப்பா பெயர், வீட்டுத் தெரு எல்லாம் சேர்த்து எழுதுவேன். ஸ்டென்சில் நன்றாக அழுந்தட்டும்.