எழுந்து உட்கார்ந்த பிணம்

கூடத்துச் சிமெண்டுத் தரையில் நாகநாதன் செத்துக் கிடக்கிறார். வாய் லேசாகத் திறந்திருக்கிறது, வயிறு அசையவில்லை. மனைவி அம்சம் விளக்குமாற்றோடு வந்து, "காலை மடக்குங்க, கூட்டணும்" என்கிறார். பிணம் காலை மடக்கிக்கொள்கிறது. கதையில் யாரையாவது சாகடிக்கும் முன் தானே ஒருமுறை செத்துப் பார்ப்பது அவர் வழக்கம்.

பேராவூரணிப் பக்கத்து ஆள். இருபது வருடத்தில் நாற்பத்து மூன்று படத்தில் நடித்திருக்கிறார். பாதியில் பிணம், மீதியில் கூட்டத்தில் ஒருவர். ஒன்றில்கூடத் திரையில் பெயர் வந்ததில்லை. "மூக்குல ஈ உக்காந்தாலும் அசையமாட்டேன்" என்று சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு பெருமை வரும் பாருங்கள், கதாநாயகர்களுக்கே வராது.

ஒரேயொரு முறை அசைந்தார். திருவையாற்றுப் பக்கம் படப்பிடிப்பு; வயலில் மோட்டார் ஷாக் அடித்துச் செத்த விவசாயி வேடம். மனைவியாக நடித்தவர் அவர் மார்பில் விழுந்து, "என் வாழ்வே இருண்டுவிட்டதே" என்று கதறினார். பிணம் எழுந்து உட்கார்ந்தது.

"சார், அந்தம்மா அப்படி அழமாட்டாங்க. 'மோட்டார அணைச்சிட்டு வர்றேன்னுதானே போனீங்க'ன்னு அழுவாங்க."

இயக்குநர் கையிலிருந்த தாள்களை வீசியடித்தார். ஆனால் அடுத்த டேக்கில் அந்த அம்மாள் அதையே சொல்லி அழ, லைட்மேன்கள்கூட மூக்கைச் சிந்தினார்கள். அதன்பின் வசனம் திருத்தக் கூப்பிட்டார்கள். போகப்போக எழுதவே சொன்னார்கள்.

அவர் எழுத்தில் 'பிணம் ஒன்று', 'கூலியாள் இரண்டு' என்று யாருமே கிடையாது. நாற்றுக்கட்டு சுமந்து வரப்பில் கடந்து போகிறவருக்கும் ஒரு பெயரும் இரண்டு வார்த்தைப் பேச்சும் உண்டு. அந்த மனுஷனைப் பிடித்துப்போக இது ஒன்றே போதும்.

இப்போது, முதன்முறையாக அவர் பெயர் வரப்போகும் படம். இடைவேளைக்கு முன் சாகிற, வயலுக்குத் தண்ணீர் கட்டும் தியாகராசனுக்கு, மனைவியோடு உட்கார்ந்து சாப்பிடும் ஒரு காட்சி வைத்திருக்கிறார். காலையில் இயக்குநர் போன் செய்தார். சாகப்போகிறவனுக்கு வீடு வாசல் எதற்கு என்று தயாரிப்பாளர் கேட்கிறாராம். "புது ரைட்டர் பேச்சை அவர் கேக்கமாட்டாருங்க. கதை வசனம் என் பேர்ல போகட்டும், அந்த சீனை நான் காப்பாத்துறேன். உங்க பேர்தான் வேணும்னா, சீனை எடுத்துடுங்க."

அதனால்தான் இன்று வெகுநேரமாகக் கிடக்கிறார். அம்சத்துக்கும் விஷயம் தெரியும். திரையில் அந்தப் பெயரைப் பார்க்கச் சொந்தபந்தம் முழுவதையும் தஞ்சாவூர் தியேட்டருக்கு அழைத்து வைத்திருப்பவரே அவர்தான். கூட்டி முடித்துவிட்டுத் தலைமாட்டில் உட்கார்ந்தார்.

"அந்தத் தியாகராசன் கடைசியா என்ன குழம்பு சாப்புடுறாரு?"

"கருவாட்டுக் குழம்பு."

"பொண்டாட்டி பக்கத்துல இருக்காளா?"

நாகநாதன் எழுந்து உட்கார்ந்தார். தாள்கட்டை மடியில் வைத்து, முதல் பக்கத்தில் இருந்த தன் பெயரின் மேல் நிதானமாக ஒரு கோடு இழுத்தார்.